வீட்டிலுள்ள வயதுவந்த ஆண்

நெய்வேலியின் வரலாறு என்று எங்களுக்குப் பள்ளியில் சொல்லித்தந்தவை மூன்று: ஜம்புலிங்க முதலியாரின் நிலத்தில் தென்பட்ட பழுப்பு நிலக்கரி, 1956இல் பதிவான நிறுவனம், 1957 மே 20 அன்று நேரு தொடங்கிவைத்த சுரங்கம். எங்கள் ஆயாவின் ஒன்றரைக் காணி அதில் வராது. இன்று அந்த நிலத்தைக் காட்டச் சொன்னால், மலைபோல் கொட்டியிருக்கும் சுரங்க மண்ணைத்தான் காட்ட முடியும்.

அது ஆயாவுக்கு அவருடைய அப்பா எழுதிவைத்த நிலம். அறிவிப்பு வந்த அன்று ஆயா களையெடுக்கப் போயிருந்தார். சின்னத் தாத்தா வாங்கிவைத்தார். பணம் வாங்குகிற அன்றுதான் ஆயாவை அழைத்துப்போனார்கள். அவர் கைநாட்டு வைத்தார். "கோர்ட்டுக்குப் போயிருக்கலாமே" என்று நான் கேட்டபோது, "போலாம்னு யாரு சொன்னா?" என்றார்.

சட்டம் படித்த பிறகுதான் அந்தக் கேள்விக்குப் பதில் தேடினேன். 1894ஆம் ஆண்டு நிலமெடுப்புச் சட்டத்தில் நேராக நீதிமன்றம் போக முடியாது. 18ஆவது பிரிவின்படி முதலில் கலெக்டருக்கு எழுத்தில் மனு கொடுக்க வேண்டும், அவர்தான் வழக்கை நீதிமன்றத்துக்கு அனுப்புவார். இழப்பீட்டை அறிவிக்கும்போது நேரில் இருந்தவருக்கு ஆறு வாரம் கெடு. இல்லாதவருக்கு அறிவிப்பு கிடைத்து ஆறு வாரம், அல்லது தீர்வம் வெளியாகி ஆறு மாதம், எது முந்தியதோ அது. அங்கே கிடைத்த தீர்ப்பு போதாது என்றால், 54ஆவது பிரிவில் உயர்நீதிமன்றத்துக்கு மேல்முறையீடு. முதல் படி ஏறாதவருக்கு அடுத்த படி இல்லை. ஆட்சேபம் சொல்லாமல் பணத்தை வாங்கிவிட்டால், 31ஆவது பிரிவு முதல் படியையே அடைத்துவிடும். ஆயாவின் கைநாட்டுக்கு அவ்வளவு விலை.

45ஆவது பிரிவைப் படித்தபோதுதான் எனக்குச் சுருக்கென்றது. உரியவர் அகப்படாவிட்டால், உடன் வசிக்கும் குடும்பத்தின் வயதுவந்த ஆணிடம் அறிவிப்பைக் கொடுக்கலாம், ஆண் யாரும் இல்லையென்றால் கதவில் ஒட்டலாம். வீட்டில் பெண் இருந்தாலும் அந்தக் காகிதத்துக்கு அவளும் கதவும் ஒன்றுதான்; இல்லை, கதவு ஒரு படி மேல். உரிமையியல் நடைமுறைச் சட்டத்திலும் இதே சொல் இருந்தது. 1976ஆம் ஆண்டுத் திருத்தம் அதை "ஆணோ பெண்ணோ" என்று மாற்றியது.

தாமதத்தை மன்னிக்க வழி இல்லையா? உண்டு. வழக்கறிஞர்கள் இன்றும் எடுத்துக்காட்டும் 1987ஆம் ஆண்டு உச்சநீதிமன்றத் தீர்ப்பில் ஒரு பெண்ணின் பெயர் இருக்கிறது: காத்திஜி. ஆனால் தாமதித்தவர் அவர் அல்ல. கூடுதல் இழப்பீட்டை எதிர்த்த அரசுத் தரப்புதான் நான்கு நாள் பிந்தி மேல்முறையீடு செய்தது. நுணுக்கத்தைவிட நியாயம் பெரிது என்று நீதிமன்றம் மன்னித்தது. நல்ல கொள்கைதான், பிறகு எத்தனையோ ஏழைகளுக்கும் அது உதவியிருக்கிறது. ஆனால் அந்த மன்னிப்பு நீதிமன்றப் படிக்கட்டில்தான் கிடைக்கும். கலெக்டர் நீதிமன்றம் அல்ல, அவரிடம் கொடுக்கும் 18ஆவது பிரிவு மனுவின் தாமதத்தை மன்னிக்க முடியாது என்று 1996இல் அதே உச்சநீதிமன்றம் சொல்லிவிட்டது. மேல்படியில் இருந்த இரக்கம் ஆயா நின்ற கீழ்ப்படிக்கு வரவில்லை.

2014 ஜனவரி 1 அன்று புதிய சட்டம் வந்து 1894ஐ நீக்கியது. அதற்குள் ஆயா போய்விட்டார்.

தோழிகளே, உங்கள் வீட்டுக்கு அரசுக் காகிதம் வந்தால் உங்கள் கையில் வாங்குங்கள். வாங்கிய தேதியை அதிலேயே எழுதுங்கள். தொகை குறைவென்று தோன்றினால், "ஆட்சேபத்துடன் பெற்றுக்கொள்கிறேன்" என்று எழுதிவிட்டுக் கையெழுத்திடுங்கள். அந்த ஒரு வரியை ஆயாவுக்கு யாரும் சொல்லித்தரவில்லை.