தொப்பி ஊசி முதல் ஸ்டெப்னி வரை: பெண்களும் கார் ரிப்பேரும்

"நல்லாத்தான் ஓட்டுவாங்க... ஆனா நடுரோட்ல வண்டி நின்னுட்டா அவ்வளவுதான்!"

கார் ஓட்டும் பெண்களைப் பற்றி நம்ம ஊரில் அடிக்கடி காதில் விழும் வசனம் இது. ஆண்கள் சொன்னால்கூடப் பரவாயில்லை, பெண்களே தங்களைப் பற்றி இப்படிச் சொல்லிக்கொள்வதுதான் எரிச்சலாக இருக்கிறது. பானெட்டுக்கு அடியில் இருப்பதெல்லாம் ஆண்கள் சமாச்சாரம் என்று ஆதிகாலத்திலேயே யாரோ எழுதி வைத்துவிட்டது போல ஒரு நினைப்பு. சரி, அந்த ஆதிகாலத்தில் என்னதான் நடந்தது என்று தேடிப் படித்தேன். கதை அப்படியே தலைகீழாக இருக்கிறது.

1888 ஆகஸ்ட் மாதம், ஜெர்மனியின் மன்ஹைம் நகரம். கார்ல் பென்ஸ் தன் மூன்று சக்கர மோட்டார் வண்டிக்குக் காப்புரிமை வாங்கி இரண்டு வருடம் ஆகியிருந்தது. வாங்கத்தான் ஆளில்லை. மனிதர் கண்டுபிடிப்பதில் கெட்டி, விற்பதில் மட்டம். அவர் மனைவி பெர்தா, கல்யாணத்துக்கு முன்பே தன் சீதனப் பணத்தை அவர் தொழிலில் போட்டவர். போட்ட பணம் முடங்கிக் கிடந்தால் யாருக்குத்தான் பொறுக்கும்? ஒரு நாள் அதிகாலையில் கணவரிடம் சொல்லாமல், 15 வயது ஆயிகனையும் 13 வயது ரிச்சர்டையும் ஏற்றிக்கொண்டு வண்டியைக் கிளப்பிவிட்டார். போய்ச் சேர வேண்டியது சுமார் 105 கிலோமீட்டர் தள்ளி, ஃபோர்ட்ஸ்ஹைமில் இருந்த அம்மா வீட்டுக்கு. அதுவரை எந்த மோட்டார் வண்டியும் அவ்வளவு தூரம் போனதில்லை.

வழியில் மெக்கானிக் கிடையாது. இருக்கவும் முடியாது, அப்படி ஒரு தொழிலே பிறக்கவில்லை! எரிபொருள் தீர்ந்தது. வீஸ்லோக் ஊரில் ஒரு மருந்துக்கடையில் துணிக்கறை எடுக்க விற்ற லிக்ராயின் என்ற திரவத்தை வாங்கி ஊற்றினார். (உலகின் முதல் பெட்ரோல் பங்க் என்று அந்த மருந்துக்கடையை இன்றைக்கும் பெருமையாகச் சொல்கிறார்கள்.) எரிபொருள் குழாய் அடைத்துக்கொண்டது, தொப்பியில் செருகியிருந்த ஊசியை எடுத்துக் குத்தி அடைப்பை நீக்கினார். பற்றவைக்கும் மின்கம்பியின் உறை தேய்ந்துபோனது. காலுறை நழுவாமல் கட்டும் பட்டியைக் கழற்றி அதன்மேல் சுற்றினார். செயின் இழுபட்டபோது ஒரு கொல்லரைப் பிடித்தார். மரத்தால் ஆன பிரேக் கட்டை தேய்ந்தபோது ஒரு செருப்புத் தைப்பவரிடம் போய் அதன்மேல் தோல் அடித்து வாங்கினார். இன்று நாம் 'பிரேக் லைனிங்' என்று சொல்வது அதைத்தான்.

இந்த விவரங்களெல்லாம் பெரும்பாலும் குடும்பத்தார் பின்னாளில் சொன்னவை. கொஞ்சம் மெருகு ஏறியிருக்கலாம். ஆனால் பயணம் நடந்தது நிஜம், வண்டி போய்ச் சேர்ந்ததும் நிஜம். மேட்டில் வண்டி ஏறாமல் பையன்கள் இறங்கித் தள்ள வேண்டியிருந்தது. அதைக் கேட்டுத்தான் கார்ல் பென்ஸ் மேடு ஏறுவதற்கென்று இன்னொரு கியர் சேர்த்தார். ஆக, உலகின் முதல் நீண்ட கார் பயணம், முதல் வழியோர ரிப்பேர், முதல் 'டெஸ்ட் டிரைவ் ரிப்போர்ட்' மூன்றும் ஒரே பெண்மணி கணக்கில் :-)

இது ஏதோ ஒரு தனி வீராங்கனையின் கதை என்று ஒதுக்கிவிட முடியாது. அந்தக் காலத்தில் ரிப்பேர் தெரியாதவர் வண்டி ஓட்டவே முடியாது என்பதுதான் விஷயம். சம்பள டிரைவர் வைத்துக்கொள்ளலாம். இல்லையென்றால் ஆணோ பெண்ணோ, தானே கையில் எண்ணெய் பூசிக்கொள்ள வேண்டியதுதான்.

இங்கிலாந்தின் டோரதி லெவிட்டை எடுத்துக்கொள்ளுங்கள். நேப்பியர் என்ற கார் கம்பெனியில் செக்ரட்டரி வேலை பார்த்தவர். கம்பெனி அவரைப் பாரிஸுக்கு அனுப்பி, கார் எப்படிச் செய்கிறார்கள் என்று கற்றுக்கொள்ள வைத்தது. திரும்பி வந்தவர் பந்தயங்களில் ஓட்டினார். 1906-ல் பிளாக்பூலில் மணிக்கு சுமார் 146 கிலோமீட்டர் வேகம்! 1909-ல் 'த உமன் அண்ட் த கார்' என்று ஒரு புத்தகம் போட்டார். கார் ஓட்ட விரும்பும், கார் வாங்க விரும்பும் பெண்களுக்கான கையேடு. கோளாறுகள் என்னென்ன வரும், எப்படித் தவிர்ப்பது, வந்தால் எப்படிச் சரிசெய்வது என்பதற்கே ஒரு தனி அத்தியாயம். பானெட்டைத் திறந்து வைத்து அவரே வேலை பார்க்கும் படங்களும் உண்டு.

எனக்கு அதில் பிடித்தது அவர் தொனிதான். மேலே ஒரு ஓவரால் மாட்டிக்கொள், கையுறை வைத்துக்கொள், சீட்டுக்கு அடியில் உள்ள டிராயரில் கொஞ்சம் சாக்லேட் போட்டு வை என்று பக்கத்து வீட்டு அக்கா மாதிரி சொல்லிக்கொண்டே போகிறார். தனியாகப் போகும் பெண்கள் கைத்துப்பாக்கி வைத்துக்கொள்வது நல்லது என்றும் ஒரு யோசனை! கூடவே, ஒரு கைக்கண்ணாடி வைத்துக்கொண்டு, பின்னால் என்ன வருகிறது என்று அவ்வப்போது உயர்த்திப் பார்க்கச் சொல்கிறார். கம்பெனிகள் ரியர்வியூ கண்ணாடியைக் காரோடு பொருத்தித் தர ஆரம்பித்ததெல்லாம் அதற்கு அப்புறம்தான்.

அதே 1909-ல் அமெரிக்காவில் ஆலிஸ் ராம்சே. 22 வயது, ஒரு குழந்தைக்குத் தாய். ஜூன் 9-ம் தேதி நியூயார்க்கில் கிளம்பி 59 நாளில் சான்பிரான்சிஸ்கோ போய்ச் சேர்ந்தார். சுமார் 3,800 மைல், அதில் பெரும்பகுதி மண்பாதை. கூட மூன்று பெண்கள். மூவருக்கும் கார் ஓட்டத் தெரியாது. பதினோரு தடவை டயர் மாற்றினார், ஸ்பார்க் பிளக்குகளைத் துடைத்தார், உடைந்த பிரேக் பெடலைச் சரிசெய்தார். ரேடியேட்டர் காய்ந்தபோது, பல் பிரஷ் வைக்கும் சின்னக் குப்பிகளில் பள்ளத்துத் தண்ணீரை மொண்டு மொண்டு வந்து ஊற்றினார்கள். செலவு முழுக்க மேக்ஸ்வெல் கார் கம்பெனியுடையது. 'ஒரு பெண்ணே ஓட்டிவிட்டாள் என்றால் யார் வேண்டுமானாலும் ஓட்டலாம்' என்று விளம்பரம் ஆகும் என்பது அவர்கள் கணக்கு. வேடிக்கை என்னவென்றால், அந்தக் காரை வழியெல்லாம் ஓட வைத்ததே அந்தப் பெண் செய்த ரிப்பேர்தான்.

உண்மையாகவே உடல்பலம் கேட்ட வேலை ஒன்று அன்றைக்கு இருந்தது. காருக்கு முன்னால் நின்று இரும்புக் கைப்பிடியைச் சுற்றி என்ஜினைக் கிளப்புவது. என்ஜின் எதிர்ப்பக்கமாக உதைத்தால் மணிக்கட்டு முறியும். 1912-ம் வருட மாடல் காடிலாக்கில் சார்லஸ் கெட்டரிங் உருவாக்கிய மின்சார ஸ்டார்ட்டர் வந்து அந்தத் தொல்லையைத் தீர்த்தது. நம் ஒர்க்ஷாப்புகளில் "செல்ஃப் எடுக்கலை" என்கிறார்களே, அந்த 'செல்ஃப்' இதுதான்.

செல்ஃப் வந்ததும் ஓட்டுவது எல்லோருக்கும் சுலபமானது. ஆனால் அதே காலகட்டத்தில் இன்னொன்றும் நடந்தது. கார் முன்போல அடிக்கடி நிற்கவில்லை. ரிப்பேர் என்பது ஓட்டுபவர் வேலையிலிருந்து பிரிந்து தனித்தொழில் ஆனது. அந்தத் தொழிலுக்கு வந்தவர்கள் கொல்லுப்பட்டறை, சைக்கிள் கடை ஆட்கள். அங்கே பெண்களைத் தொழில் பழகச் சேர்ப்பது வழக்கமில்லை. என்னைக் கேட்டால் 'பானெட் ஆண்கள் சமாச்சாரம்' ஆனது இந்த இடத்தில்தான். கார் பிறந்தபோது கூடவே பிறந்த விதி அல்ல அது.

போர் வந்தால் மட்டும் விதி தளர்ந்துவிடும்! 1914-ல் முதல் உலகப் போர். மேரி க்யூரியை நமக்கு ரேடியத்தோடு மட்டும்தான் பாடப்புத்தகத்தில் காட்டுகிறார்கள். இரண்டு நோபல் பரிசு வாங்கிய பிறகு அந்த அம்மா கற்றுக்கொண்டது கார் ஓட்டவும் கார் மெக்கானிசமும். எக்ஸ்ரே கருவியைக் காரில் ஏற்றி, போர்முனை மருத்துவமனைகளுக்கே கொண்டுபோகும் திட்டம் அவருடையது. அப்படி சுமார் 20 வண்டிகளைத் தயார் செய்தார். 1916-ல் லைசென்ஸ் வாங்கினார். டயர் மாற்றுவது, கார்புரேட்டர் சுத்தம் செய்வது எல்லாம் அவரே. எக்ஸ்ரே கருவியை இயக்க சுமார் 150 பெண்களுக்குப் பயிற்சியும் கொடுத்தார். பிரான்சின் கலே பகுதியில் ஆம்புலன்ஸ் ஓட்டிய பிரிட்டிஷ் பெண்களும் தங்கள் வண்டிகளைத் தாங்களேதான் பராமரித்தார்கள். குளிர் ராத்திரிகளில் என்ஜின் உறைந்துபோகாமல் இருக்க, எழுந்து எழுந்து கைப்பிடியைச் சுற்றினார்கள். மேலே சொன்னேனே, அதே மணிக்கட்டு முறிக்கும் கைப்பிடி.

போர் முடிந்தது. 'போருக்கு முந்தைய வழக்கங்களை' மீட்டெடுக்க பிரிட்டனில் 1919-ல் சட்டமே போட்டார்கள். போர்க்காலத்தில் தொழிற்சாலைகளுக்கு வந்த பெண்கள் பலரும் வெளியேற வேண்டியதாயிற்று.

அதே 1919-ல் ஆஸ்திரேலியாவில் மட்டும் ஒருத்தி ஷட்டரைத் தூக்கினாள். மெல்பர்ன் புறநகரான க்யூவில் ஆலிஸ் ஆண்டர்சன் திறந்த கராஜ் அது. வேலை செய்தவர்கள் அத்தனை பேரும் பெண்கள். பெட்ரோல் போட்டார்கள், ரிப்பேர் பார்த்தார்கள், வாடகைக்கு டிரைவராகப் போனார்கள், பெண்களுக்கு ஓட்டச் சொல்லிக்கொடுத்தார்கள். சொல்லிக்கொடுப்பதில் வண்டிப் பராமரிப்பும் அடக்கம். வண்டிக்கு அடியில் படுத்தபடியே உருண்டு போவதற்கு, சக்கரம் வைத்த ஒரு பலகையை ஆலிஸ் உருவாக்கினார். இன்றைக்கும் ஒர்க்ஷாப்புகளில் அந்த மாதிரிப் பலகையைப் பார்க்கலாம். 1926-ல் ஒரு குட்டி ஆஸ்டின் காரை எடுத்துக்கொண்டு கண்டத்தின் நடுவே இருக்கும் ஆலிஸ் ஸ்பிரிங்ஸ் வரை போய் வந்தார். வந்த கொஞ்ச நாளிலேயே, தன் கராஜிலேயே, துப்பாக்கிக் குண்டு பாய்ந்து இறந்துபோனார். வயது 29. விபத்து என்று விசாரணையில் முடிவானது. அவரைப் பற்றிப் படித்த பிறகு ரொம்ப நேரம் வேறு எதுவும் ஓடவில்லை.

அடுத்த போரிலும் இதே கதை. 1945 பிப்ரவரியில் 18 வயது எலிசபெத் இளவரசி பெண்கள் துணைப் படையில் சேர்ந்து, சில வாரங்களில் லாரி ஓட்டவும் என்ஜின் பார்க்கவும் சக்கரம் மாற்றவும் கற்றுக்கொண்டார். பின்னாளில் 70 வருடம் ராணியாக இருந்தாரே, அவரேதான். சில வாரம்! அரண்மனையில் வளர்ந்த பெண்ணுக்கே அவ்வளவுதான் தேவைப்பட்டது.

பிறகு பெண்களுக்கு ஏன் அது அந்நியமாகிப்போனது? பள்ளிக்கூடத்திலேயே பிரித்துவிட்டார்கள். அமெரிக்காவில் பல பள்ளிகளில் பையன்களுக்குப் பட்டறை வகுப்பு, பெண்களுக்குச் சமையல், தையல் வகுப்பு. 1972-ல் வந்த 'டைட்டில் 9' சட்டத்துக்குப் பிறகுதான் இந்தப் பிரிவினை சட்டவிரோதம் ஆனது. அந்தப் பத்தாண்டில்தான் பெண்களுக்கென்று கார் ரிப்பேர் மாலை வகுப்புகள் அங்கே நடந்தன. 1976-ல் டியானா ஸ்க்ளார் என்ற பெண் எழுதிய 'ஆட்டோ ரிப்பேர் ஃபார் டம்மீஸ்' புத்தகம் பல பதிப்புகள் கண்டது.

தெரியாவிட்டால் என்ன, மெக்கானிக் இருக்கிறாரே என்று கேட்கலாம். காசு போகும், அதுதான். அமெரிக்காவில் மேகன் பஸ், அயேலெட் இஸ்ரேலி, ஃப்ளோரியன் செட்டல்மேயர் மூவரும் 2013-ல் ஓர் ஆய்வு வெளியிட்டார்கள். ஆண்களையும் பெண்களையும் விட்டு ஒர்க்ஷாப்புகளுக்கு போன் செய்யச் சொல்லி, ஒரே டொயோட்டா கேம்ரிக்கு ரேடியேட்டர் மாற்ற எவ்வளவு ஆகும் என்று கேட்க வைத்தார்கள். விலை பற்றி ஒன்றும் தெரியாது என்று காட்டிக்கொண்டால், பெண்களுக்கு ஆண்களைவிட அதிக விலை சொன்னார்கள். சந்தை விலை இவ்வளவுதானே என்று சொல்லிக் கேட்டால் அந்த வித்தியாசம் மறைந்துவிட்டது. என்ஜினைப் பிரித்து மாட்டத் தெரிய வேண்டியதில்லை, விலையை விசாரித்து வைத்திருந்தாலே போதும்.

நம்ம ஊர் டிரைவிங் ஸ்கூல்களில் கிளட்ச், கியர், ரிவர்ஸ் சொல்லித் தருவார்கள். பானெட்டைத் திறந்து காட்டுவது அபூர்வம். லெவிட் 1909-லேயே தனி அத்தியாயமாகக் கொடுத்த சங்கதி!

கடைசியாக ஸ்டெப்னி. இந்த வார்த்தை எங்கிருந்து வந்தது தெரியுமோ? வேல்ஸ் நாட்டில் லனெத்லி என்று ஓர் ஊர். அங்கே ஸ்டெப்னி தெருவில் இருந்த டேவிஸ் சகோதரர்கள் 1904-ல் மாற்றுச் சக்கரம் செய்து விற்க ஆரம்பித்தார்கள். அதற்கு முன் பஞ்சர் ஆனால் ரோட்டிலேயே உட்கார்ந்து டயரைப் பிரித்து ஒட்ட வேண்டியதுதான். அவர்கள் ஊரில் அந்தப் பேர் பேச்சுவழக்கில் மறைந்துவிட்டது, நம் டிக்கியில் இன்னும் இருக்கிறது.

அந்த ஸ்டெப்னியை மாட்டுவதற்கும் பலம் பெரிதாகத் தேவையில்லை. வண்டியைச் சமதளத்தில் நிறுத்தி ஹேண்ட்பிரேக் போட்டு, ஜாக்கி வைப்பதற்கு முன்பே, சக்கரம் தரையில் இருக்கும்போதே, நட்டுகளைக் கொஞ்சம் தளர்த்திவிட வேண்டும். தூக்கிய பிறகு முயன்றால் சக்கரமும் சேர்ந்து சுற்றும். கை வலிக்கிறதா, ஸ்பேனரின் கைப்பிடியில் ஒரு நீளமான குழாயைச் செருகி அழுத்துங்கள். மாட்டும்போது நட்டுகளை வரிசையாக முறுக்காமல் எதிரெதிராக முறுக்குங்கள். முக்கியமாக, மாதம் ஒருமுறை ஸ்டெப்னியிலும் காற்று இருக்கிறதா என்று பார்த்துவிடுங்கள். இப்போது வரும் சில கார்களில் ஸ்டெப்னியே கிடையாது, பஞ்சர் கிட் மட்டும்தான். உங்கள் வண்டியில் எது இருக்கிறது என்று டிக்கியைத் திறந்து இன்றைக்கே ஒருதரம் பார்த்துவிடுங்களேன்.