ஒப்புமையும் உறவும்: கால்டுவெல்லின் ஆஸ்திரேலியக் கருதுகோள்

இராபர்ட் கால்டுவெல்லின் ‘திராவிட மொழிகளின் ஒப்பிலக்கணம்’ 1856இல் இலண்டனில் வெளிவந்தது. தமிழும் அதன் இனமொழிகளும் வடமொழியினின்று கிளைத்தவை அல்ல. அவை தனிக் குடும்பத்தைச் சேர்ந்தவை என அந்நூல் நிறுவியதைத் தமிழுலகம் நன்கறியும். அந்நூலாசிரியரே ஆஸ்திரேலியத் தொல்குடி மொழிகளின் மூவிடப்பெயர்களைத் திராவிட மூவிடப்பெயர்களோடு ஒப்பிட்டு, அவ்விரு தொகுதிகளுக்கும் உறவு இருத்தல் கூடும் எனக் கருதியமை குறைவாகவே பேசப்படுகிறது. இக்கருதுகோளின் வரலாறு, மொழியொப்பீட்டில் தோற்ற ஒப்புமைக்கும் மரபுவழி உறவுக்கும் இடையிலுள்ள தொலைவை விளக்க வல்லது.

கால்டுவெல் ஆஸ்திரேலிய மொழிகளை நேரிற் கேட்டறிந்தவர் அல்லர். பிறர் தொகுத்தவற்றையே சார்ந்திருந்தார். அக்காலத் தொகுப்புகளுள் சிறந்தது, சிட்னிக்கு வடக்கே மக்குவாரி ஏரிப்பகுதியில் பணியாற்றிய சமயப் பரப்பாளர் இலான்சலட் திரெல்கெல்டு 1834இல் வெளியிட்ட இலக்கணமாகும். அம்மொழியைத் தாய்மொழியாகக் கொண்ட பிராபன் என்பவரே அவருக்கு ஆசிரியராகவும் உடன் உழைத்தவராகவும் விளங்கினார். 1892இல் ஜான் பிரேசர் அந்நூலை மறுபதிப்புச் செய்தபோது அம்மொழிக்கு ‘அவபாகல்’ எனப் பெயரிட்டார்; தம் முன்னுரையில் தொல்குடியினரின் தோற்றத்தைத் தென்னிந்தியாவோடு தொடர்புபடுத்தினார். பிராபனின் அறிவால் உருவான நூல், இவ்வாறு அவர் மக்களின் வரலாற்றை வேறொரு நாட்டில் தொடங்கிக் காட்டும் வாதத்திற்கு முகப்பாயிற்று.

கருதுகோளுக்கு ஈர்ப்பு இல்லாமலில்லை. ஆஸ்திரேலிய மொழிகள் பெரும்பாலானவற்றில் வல்லொலி, மெல்லொலி என்ற வேறுபாடு சொற்பொருளைப் பிரிப்பதில்லை, உரசொலிகள் இல்லை. இதழ், பல், அண்பல், நாமடி, இடையண்ணம், கடையண்ணம் ஆகிய ஆறிடங்களிலும் தனித்தனி மூக்கொலிகளைக் கொண்ட மொழிகளும் அங்கு உண்டு. தொல்காப்பியத்தின் ஆறு மெல்லெழுத்துகளை அறிந்தவர்க்கு இது வியப்பளிக்கும். ஆயினும் ஒலியமைப்பின் ஒற்றுமை குடிவழியைக் காட்டாது. முன்னிலையாரை உட்படுத்தும் ‘நாம்’, உட்படுத்தாத ‘நாங்கள்’ என்னும் பாகுபாட்டைக் கொண்டே இதனைத் தெளியலாம். அப்பாகுபாடு ஆஸ்திரேலிய மொழிகள் பலவற்றில் உண்டு. ஆஸ்திரோனேசியக் குடும்பத்தைச் சேர்ந்த மலாய் மொழியிலும் ‘கித்தா’, ‘காமி’ என உண்டு. அதனால் மலாய் திராவிட மொழியாகிவிடாது.

கருதுகோளின் வலுவான சான்று தன்மை ஒருமைப் பெயரே. ஆஸ்திரேலிய மொழிகள் பலவற்றில் அது ஙகரத்தை முதலாகக் கொண்டது. வட குவீன்சுலாந்தின் டிர்பல் மொழியில் ‘ஙஜ’ என வழங்கும். இதனைத் தமிழ் ‘நான்’, மலையாள ‘ஞான்’ ஆகியவற்றோடு ஒப்பிடுதல் எளிது. ஆனால் தொல்காப்பியம் அறிந்த தன்மை ஒருமைப் பெயர் ‘யான்’ என்பதே. வேற்றுமை ஏற்கும்போது அது ‘என்’ ஆகும். மெல்லெழுத்து முதலான வடிவத்தைப் பிற்கால வளர்ச்சியாகவே திராவிட மொழியியலார் பலர் கொள்கின்றனர். ஒப்புமைக்கு அடிப்படையான அம்முதலெழுத்து தொன்மையானதன்று எனின், சான்று மெலிகிறது.

கால்டுவெல்லைப் பின்பற்றி வளர்ந்த திராவிட ஒப்பியலே இதற்கு உரைகல்லாகும். தமிழ் ‘பால்’, ‘பத்து’, ‘பாம்பு’ ஆகியவற்றுக்குக் கன்னடத்தில் ‘ஹாலு’, ‘ஹத்து’, ‘ஹாவு’ என வரும். சொல் முதற் பகரம் ஹகரமாதல் ஒரு சொல்லில் மட்டும் நிகழ்ந்த தற்செயல் அன்று, ஒழுங்கான விதி. திராவிடத்திற்கும் ஆஸ்திரேலிய மொழிகளுக்கும் இடையே இத்தகைய விதித்தொகுதி எதுவும் இதுவரை நிறுவப்படவில்லை.

அவ்விதிமுறை ஆஸ்திரேலியாவிற்குள் நல்ல பயன் தந்தது. யார்க் முனைத் தீபகற்பத்தின் வடபகுதி மொழிகள் அண்டை மொழிகளோடு எவ்வித ஒற்றுமையும் அற்றவை போலத் தோன்றின. அவை சொல்லின் முதல் மெய்யை ஒழுங்காக இழந்தவை என்பதைக் கென்னத் ஹேல் 1964இல் விளக்கி, அவற்றின் உறவை உறுதிசெய்தார். கண்டத்தின் மிகப் பெரும்பகுதியிற் பரவிய அக்குடும்பத்திற்கு, வடகிழக்கிலும் தென்மேற்கிலும் ‘மனிதன்’ எனப் பொருள்படும் இரு சொற்களை இணைத்துப் ‘பாம-நியுங்கன்’ எனப் பெயரிட்டவரும் அவரே. ஒத்துத் தோன்றியவை உறவென நிறுவப்படவில்லை. ஒவ்வாது தோன்றியவை உறவுடையவை ஆயின.

இக்கருதுகோள் மொழியியலோடு நின்றுவிடவில்லை. 1870இல் தாமஸ் ஹக்சிலி, உடற்கூற்று அடிப்படையில் தக்காண மக்கள் சிலரை ஆஸ்திரேலியரோடு ஒரே வகையில் அடக்கினார். மொழியும் இனமும் ஒன்றெனக் குழப்பிய அச்சிந்தனையின் எச்சம், குமரிக்கண்டம் பற்றிய எழுத்துகளில் இன்றும் தென்படுகிறது. ஐம்பதாயிரம் ஆண்டுகளுக்கு மேலாக அக்கண்டத்தில் வாழ்ந்தோரின் மொழிகளைத் தமிழின் கிளைகளாகக் காட்ட முயல்வது, வடமொழியே தமிழின் தாய் என்ற கூற்றைத் தமிழர் மறுத்த அதே நியாயத்திற்கு முரணாகும்.

1788இல் அங்கு 250க்கு மேற்பட்ட மொழிகள் வழங்கின. 2020இல் வெளியான தேசிய அறிக்கையின்படி, குழந்தைகள் இயல்பாகக் கற்றுவரும் வலுவான மொழிகள் 12 மட்டுமே. அடிலெய்டு சமவெளியின் கௌர்ண மொழியை அதன் மக்கள், 1840இல் தைக்கெல்மான், ஷூர்மான் ஆகிய இரு செருமானியச் சமயப் பரப்பாளர் வெளியிட்ட இலக்கணத்தையும் சொற்றொகுதியையும் துணைகொண்டு மீட்டு வருகின்றனர். அம்மக்களுக்கு இன்று வேண்டுவது தொலைநிலத்து உறவினர் அல்லர். தம் மூதாதையர் சொல்லித் தந்தவை பிழையின்றிப் படிக்கப்படுதலே. ஆறு மெல்லெழுத்துகளையும் ரகர றகரங்களையும் வேறுபடுத்திக் கேட்கப் பழகிய தமிழ் ஆய்வாளர், அப்பழைய பதிவுகளின் ஒலிகளைத் தெளிவுறுத்துவதில் துணைநிற்க இயலும். கால்டுவெல் விட்டுச்சென்ற ஒப்பீட்டை விட அது பயனுள்ள பணியாகும்.