மச்சினி முறை

பொதட்டூர்பேட்டை நெசவூர். ஆந்திர எல்லை பக்கத்திலேயே. மனைவியின் தங்கையைத் தமிழில் மச்சினி என்போம், தெலுங்கில் மரதலு. மாமன் மகளுக்கும் அதே சொற்கள்தான். அதாவது, கட்டிக்கிற முறை. அண்ணன் மனைவி என்றால் அண்ணி, அம்மாவுக்குச் சமம். யாரைப் பார்த்து மனசு தடுமாறலாம், யாரைப் பார்த்துக் கூடாது என்று உறவுச்சொல்லே வேலி போட்டுவிட்டது.

பக்கத்துத் திருத்தணி மலையில் முருகனுக்கு இருபுறமும் வள்ளி, தெய்வானை. கந்தபுராணப்படி இருவரும் முற்பிறவியில் திருமாலின் மகள்கள், அக்கா தங்கை. மனிதர்களிலும், அக்காவுக்குக் குழந்தை இல்லையென்றால் தங்கையையும் அதே ஆளுக்குக் கட்டிவைத்த குடும்பங்கள் உண்டு. அந்தப் பெண்ணிடம் யாரும் கேட்டிருப்பார்களா?

1949இல் சென்னை மாகாணம் இந்துக்களின் இருதார மணத்தைத் தடை செய்தது. 1955இல் இந்து திருமணச் சட்டம் அதை நாடெங்கும் கொண்டுபோனது. மனைவி இறந்தபின் அவள் தங்கையை மணக்க மட்டும் தடையில்லை. இங்கிலாந்தில் அதற்கே 1907 வரை சட்டம் இடம் தரவில்லை. அங்கே மச்சினியும் தங்கைதான்.

இங்கே உரிமை போனது, கேலி நின்றபாடில்லை. அந்தக் கேலிக்கும் ஒரு வேலை இருந்தது: ரகசியமாக வளரக்கூடிய ஆசையை நாலு பேர் முன்னால் சிரிப்பாக்கிக் கரைத்துவிடும். ஆனால் பிடிக்காவிட்டாலும் சிரித்துவைக்க வேண்டியவள் அந்தத் தங்கை. பக்கத்திலேயே அக்கா.

சலனம் யாருக்கும் வரும். வந்தால் 'முறைதானே' என்று அந்தச் சொல்லுக்குப் பின்னால் ஒளியாமல், கேலியை நிறுத்திவிட்டு நாலடி தள்ளி நிற்கணும். சட்டம் பாதி வேலையை முடித்துவிட்டது. மீதி நம்முடையது.