ஆட்டு மூளை: ஒரு திருத்தம்

கொஞ்சம் நீளமான பதிவு. பொறுமையாக வாசியுங்கள்.

போன ஞாயிற்றுக்கிழமை விருதுநகரில் கறிக்கடைக்குப் பேரனையும் கூட்டிக்கொண்டு போயிருந்தேன். கடைக்காரர் தலையை உடைத்து மூளையை எடுத்து இலையில் வைத்தார். பேரன் எட்டிப் பார்த்துவிட்டு, "தாத்தா, இவ்வளவுதானா? நம்ம மூளை எவ்வளவு பெருசு இருக்கும்?" என்று கேட்டான். 32 வருஷம் உயிரியல் நடத்தியவனுக்கு அது கஷ்டமான கேள்வி இல்லை. "ஆட்டுக்கு நூறு கிராமுக்குக் கொஞ்சம் மேலே, நமக்கு 1,300, 1,400 கிராம்" என்று சொன்னேன். சொன்ன கையோடு பழைய ஞாபகம் ஒன்று வந்து உட்கார்ந்துகொண்டது. அதைக் கடைசியில் சொல்கிறேன். முதலில் பாடம்.

கறிக்கடையில் தொங்கும் ஆட்டை நன்றாகப் பார்த்தால் பாதி உயிரியல் அங்கேயே இருக்கிறது. இதயத்துக்கு நமக்கு உள்ளதைப் போலவே நாலு அறை. பாலூட்டிகளில் எலி முதல் யானை வரை இதயம் உடல் எடையில் ஏறக்குறைய அரை சதவீதத்தை ஒட்டியே இருக்கும். உடம்பு பெருத்தால் இதயமும் அதே கணக்கில் பெருக்கும். குடல் அப்படி இல்லை. புல்லைத் தின்று செரிக்க வேண்டிய ஆட்டுக்கு இரைப்பையில் நாலு பகுதி, குடலோ உடம்பின் நீளத்தைப் போல இருபது மடங்குக்கு மேல். சோறும் சாம்பாரும் சாப்பிடும் நமக்கு அவ்வளவு தேவையில்லை. ஆக, உறுப்பின் அளவு அந்த உயிர் வாழும் வாழ்க்கையைச் சொல்லும். அது உயர்வு தாழ்வைச் சொல்லாது.

இந்தச் சின்ன விஷயம் புரியாமல் மனிதன் பலமுறை தடுமாறியிருக்கிறான். 2-ஆம் நூற்றாண்டில் கேலன் என்ற மருத்துவர் ரோமாபுரியில் இருந்தார். மனித உடலை அறுத்துப் பார்க்க அங்கே வழியில்லை. குரங்கு, பன்றி, மாடு இவற்றை அறுத்துப் பார்த்துவிட்டு மனிதனுக்கும் அப்படித்தான் என்று எழுதிவைத்தார். ஆடு மாடுகளுக்கு மூளையின் அடியில் வலை பின்னினாற்போல ஒரு ரத்தக்குழாய்க் கூட்டம் உண்டு. மூளைக்குப் போகும் ரத்தத்தின் சூட்டைத் தணிப்பது அதன் வேலை. நம் கந்தக பூமி வெயிலில் நாள் முழுக்க மேயும் ஆட்டுக்கு அது பெரிய உதவி. நமக்கு அது கிடையாது. ஆனால் மனிதனுக்கும் உண்டு என்று கேலன் எழுதியதை ஏறக்குறைய 1,300 வருஷம் உலகம் நம்பியது. வெசாலியஸ் மனித உடல்களைத் தானே அறுத்துப் பார்த்து, 1543-ல் வெளியிட்ட தன் புத்தகத்தில் கேலனின் பல தவறுகளைத் திருத்தினார்.

இது அறியாமல் நடந்த தவறு. அடுத்து வந்தது அதைவிட மோசம். 18-ஆம் நூற்றாண்டில் ஹாலந்துக்காரரான கேம்பர் என்பவர் முகத்தின் சாய்வுக் கோணத்தை அளந்து, குரங்கில் தொடங்கிக் கிரேக்கச் சிலை வரை வரிசையாக வைத்தார். அந்த வரிசையைப் பின்னால் வந்தவர்கள் ஏணியாக்கிவிட்டார்கள். அமெரிக்காவில் மார்ட்டன் என்பவர் மண்டை ஓடுகளுக்குள் விதைகளைக் கொட்டி அளந்தார். பிறகு ஈயக் குண்டுகளைப் போட்டு அளந்தார். எந்த இனத்துக்கு மண்டை பெரிது என்று 1839-ல் புத்தகமே போட்டார்.

இந்த அளவுகோல் நம் ஊருக்கும் வந்தது. 1885-ல் சென்னை எழும்பூர் அருங்காட்சியகத்துக்குக் கண்காணிப்பாளராக வந்த எட்கர் தர்ஸ்டன் மருத்துவம் படித்தவர். மாகாணம் முழுக்கச் சுற்றிச் சாதி சாதியாகத் தலையின் நீள அகலத்தையும் மூக்கின் அகலத்தையும் அளந்தார். 1909-ல் அவர் ஏழு தொகுதிகளாக வெளியிட்ட 'தென்னிந்தியச் சாதிகளும் குடிகளும்' நூலில் இந்த அளவுகளைப் பார்க்கலாம். வயநாட்டுப் பணியர் பெண்கள் தன்னைக் கண்டு ஓடியதை அவரே எழுதியிருக்கிறார். தங்களைப் பிடித்துப் பாடம் செய்து அருங்காட்சியகத்தில் வைக்கப்போகிறார் என்று அவர்களுக்குப் பயம். அருங்காட்சியகத்தில் விலங்குகளை என்ன செய்கிறார்கள் என்பது அவர்களுக்குத் தெரிந்திருக்கிறது!

வடக்கே ரிஸ்லி என்ற அதிகாரி, மூக்கு அகல அகலச் சாதியின் அந்தஸ்து குறையும் என்று 1891-ல் எழுதினார். நம் பக்கம் கோயில் நுழைவுச் சண்டை மூண்டு 1899-ல் சிவகாசியில் கலவரம் நடந்ததும் அந்தக் காலத்தில்தான். யார் மேல், யார் கீழ் என்று ஊரே வெட்டிக்கொண்டு நின்றபோது, அதே கேள்வியைப் படித்தவர்கள் அளவுகோலை வைத்துக்கொண்டு கேட்டார்கள். 1932-ல் ஜி.எஸ். குர்யே இந்த எண்களையே எடுத்துத் திரும்ப ஆராய்ந்தார். வடக்கே ஒரு பகுதியைத் தவிர, சென்னை மாகாணம் உட்பட மற்ற இடங்களில் ரிஸ்லி சொன்ன கணக்கு பொருந்தவில்லை என்று காட்டினார்.

சரி, மூளைக்கு வருவோம். யானை மூளை ஏறக்குறைய 5 கிலோ. ஸ்பெர்ம் திமிங்கலத்துக்கு 8 கிலோ. எடைதான் கணக்கு என்றால் நாம் பின் பெஞ்சுதான். அதனால் "உடம்பின் எடையோடு ஒப்பிட்டால் மனிதனுக்கே பெரிய மூளை" என்று நான் வருஷா வருஷம் கரும்பலகையில் எழுதிப்போட்டேன். அதுவும் தவறு பிள்ளைகளே. அந்தக் கணக்கில் சுண்டெலி நமக்குச் சமமாக நிற்கிறது. மர மூஞ்சூறு நம்மைத் தாண்டிப் போய்விடுகிறது.

மனிதர்களுக்குள் பார்த்தாலும் இதே கதைதான். ருஷ்ய எழுத்தாளர் துர்கனேவின் மூளை 2,012 கிராம். நோபல் பரிசு வாங்கிய பிரெஞ்சு எழுத்தாளர் அனதோல் பிரான்சின் மூளை 1,017 கிராம்தான். ஐன்ஸ்டைனுடையது 1,230 கிராம், சராசரிக்கும் கீழே.

பிரேசில் விஞ்ஞானி சுசானா ஹெர்குலானோ-ஹவுசல் மூளையைக் கரைத்து அதிலுள்ள நரம்புச் செல்களை எண்ணும் முறையைக் கொண்டுவந்தார். மனிதனுக்கு 8,600 கோடி என்று 2009-லும், யானைக்கு 25,700 கோடி என்று 2014-லும் கணக்கு வந்தது. யானைக்கு நம்மைப் போல மூன்று மடங்கு. ஆனால் அதில் 100-க்கு 98 பங்கு சிறுமூளையில் இருக்கிறது. யோசிப்பதற்கு முக்கியமான பெருமூளைப் புறணியில் யானைக்கு 560 கோடி, நமக்கு 1,600 கோடி. எவ்வளவு பெரிது என்பதைவிட உள்ளே எப்படி அமைந்திருக்கிறது என்பதே முக்கியம்.

இனி அந்த ஞாபகம். 1980-களின் கடைசி. நான் வேலை பார்த்த பள்ளியில் ஒன்பதாம் வகுப்புப் பையன் ஒருவன் முதல் பீரியடிலேயே தூங்குவான். ஒருநாள் இதயத்தின் அறைகளைக் கேட்டேன், விழித்தான். "உனக்கு இருக்கிறது ஆட்டு மூளைடா" என்றேன். நாற்பது பேரும் சிரித்தார்கள். அதுவே அவன் பட்டப்பெயராகிவிட்டது. காலாண்டுக்குப் பிறகு அவன் வரவில்லை. அப்புறம்தான் விசாரித்தேன். அம்மாவையும் அக்காவையும் கூட்டிப்போக விடிவதற்கு முன்பே தீப்பெட்டி ஆபீஸ் பஸ் வந்துவிடும். இவன் நடுராத்திரி வரை வீட்டில் பெட்டி ஒட்டுவான். 144 பெட்டி ஒரு குரோஸ். எத்தனை குரோஸ், எவ்வளவு கூலி, முன்பணத்தில் எவ்வளவு கழியும் என்பதையெல்லாம் வீட்டுக்கு அவன்தான் மனக்கணக்காகச் சொல்வானாம்.

நம் மூளை உடல் எடையில் 2 சதவீதம்தான். ஆனால் உடம்பு செலவழிக்கும் சக்தியில் 20 சதவீதத்தை அது ஒன்றே தின்றுவிடும். பிள்ளைகளுக்கு இன்னும் அதிகம். அதற்கு வேண்டியது சோறும் தூக்கமும். ஆறாம் வகுப்போடு படிப்பை விட்ட விருதுநகர்க்காரர் ஒருவருக்கு இது தெரிந்திருந்தது. 1956-ல் பள்ளியில் மதிய உணவு போட்டார். பாடம் நடத்திய எனக்குத்தான் தெரியவில்லை.

போன மாதம் ஒரு கல்யாண வீட்டில் ஐம்பது வயதுக்காரர் ஒருவர் வந்து கையைப் பிடித்துக்கொண்டார். "சார், ஞாபகம் இருக்கா? நான்தான் ஆட்டு மூளை" என்று சிரித்தார். சிவகாசியில் ஒரு அச்சகத்தில் மேற்பார்வை பார்க்கிறாராம். மகள் நர்சிங் படிக்கிறாள். தன் பெயரைச் சொல்லாமல் நான் வைத்த பெயரைச் சொல்லி அறிமுகம் செய்துகொண்டாரே, என்னால் சிரிக்க முடியவில்லை. அங்கே ஒன்றும் பேசவும் வரவில்லை.

தம்பி, நீ இதை வாசிப்பாய் என்று தெரியும். அன்று நாற்பது பேர் முன்னால் சொன்னேன். அதனால் தவறு என்று சொல்வதையும் எல்லார் முன்னாலும் எழுதுகிறேன். என்னை மன்னித்துவிடு.

உங்களில் வாத்தியார் வேலைக்குப் போனவர்கள் நிறையப் பேர். வகுப்பில் பிள்ளை தூங்கினால் முதலில் சாப்பிட்டானா, தூங்கினானா என்று கேளுங்கள்.

அன்புடன்,
உங்கள் சயின்ஸ் சார்