காண்டலும் உரையும்: ருமேனியப் புரட்சியின் ஒளிப்பதிவுச் சான்றுகள்

அரசு ஆவணமும் நாளிதழுமே அண்மைக்கால வரலாற்றிற்குத் தலையாய சான்றுகள் எனக் கொள்வது பெருவழக்கு. பொதுமக்கள் தம் கையாற் பதிந்த காட்சிகளும் சான்றாகுமா? ஆகுமெனின் எத்துணையளவு ஆகும்? இவற்றை ருமேனியப் புரட்சியைக் கொண்டு ஈண்டு ஆராய்வோம்.

1989 டிசம்பர்த் திங்களின் இடையில், சமய குரு ஒருவரை வெளியேற்றும் ஆணையை எதிர்த்துத் திமிசோவாரா நகர மக்கள் திரண்டனர். படையினர் அவர்களைச் சுட்டனர். 21-ஆம் நாள், தலைநகர் புக்காரெஸ்ட்டில் ஆட்சித் தலைவர் சௌசெஸ்கு கூட்டிய பேரணி நேரடியாக ஒளிபரப்பப்பட்டது. அவர் பேசிக்கொண்டிருக்கையில் கூக்குரல் எழுந்தது, படம் நடுங்கிற்று, ஒளிபரப்பு அறுந்தது. மறுநாள் அவர் ஹெலிகாப்டரில் தப்பியோடினார். தொலைக்காட்சி நிலையம் மக்கள் வசமாயிற்று. 25-ஆம் நாள் அவரும் அவர்தம் மனைவியும் படைமன்றத் தீர்ப்பின்படி சுட்டுக் கொல்லப்பட்டனர்.

ஹாருன் ஃபரோக்கியும் திமிசோவாராவிற் பிறந்த அந்த்ரேய் உஜிக்காவும் 1992-இல், ‘ஒரு புரட்சியின் ஒளிப்பதிவுகள்’ எனப் பொருள்படும் பெயருடைய ஆவணப்படத்தை ஆக்கினர். அரசு தொலைக்காட்சியின் பதிவுகளும் தனியார் பதிவுகளுமாகிய 125 மணி நேரத்திற்கு மேற்பட்ட காட்சிகளிலிருந்து தேர்ந்து தொகுத்தது 106 நிமிடங்கள் ஓடும் இப்படம்.

இதில் ஒரு காட்சி பெரிதும் கருதத்தக்கது. வீட்டிலிருந்த ஒருவர் தொலைக்காட்சித் திரையைப் பதிவு செய்கிறார். பின்னர்க் கருவியைச் சாளரத்தின்பால் திருப்பித் தெருவைக் காட்டுகிறார். அளவை நூலார் காண்டல், கருதல், உரை எனச் சான்றுகளைப் பகுப்பர். அரசின் ஒளிபரப்பு காண்டல்போலத் தோன்றினும் உண்மையில் உரையே. காட்டுவதையும் மறைப்பதையும் அதிகாரமே வகுத்தது. அவ்வுரையைத் தெருவொடு ஒப்புநோக்க விழைந்தமையே அக்குடிமகனின் செயற்சிறப்பு.

எனினும் மக்கள் பதிவு முற்றுண்மை ஆகாது. புரட்சியில் இறந்தோர் ஆயிரவருக்கும் மேற்பட்டவர். அவருட் பெரும்பாலார் சௌசெஸ்கு தப்பியோடிய பின்னரே மாண்டனர். துப்பாக்கியொலியையும் பதுங்கியோடும் மக்களையும் கருவிகள் பதிந்தன. ஆயினும் சுட்டவர் யாவர், ஏவியவர் யாவர் என்பன படத்தளவில் விளங்கா. அவ்வினாக்கள் பல்லாண்டுகள் வழக்குமன்றத்திலும் தொடர்ந்தன. காண்டல் நின்ற இடத்திற் கருதல் தொடங்குதல் வேண்டும்.

ஆகலின், பதிந்தவர் நின்ற இடம், காலம், பதிவின் தொடக்கமும் முடிவும், விடுபட்ட பகுதி ஆகியவற்றை ஆராய்ந்தே இத்தகு பதிவுகளைச் சான்றாகக் கொள்ளல் வேண்டும். சுவடிக்குப் பாடபேதம் நோக்குவது போல ஒளிப்பதிவிற்கும் நோக்குவதே நெறியாம். அந்நெறியின்றி இவற்றை ஏற்பதும் தள்ளுவதும் மாண்டார்க்கு நீதி செய்தல் ஆகா என்பது நம் துணிபு.