கைம்பெண் மறுமணமும் கணவன் சொத்தும்

1856ஆம் ஆண்டின் இந்துக் கைம்பெண்கள் மறுமணச் சட்டத்தைப் புகழாதார் இலர். அதன் இரண்டாம் பிரிவைப் படித்தார் சிலரே. மறுமணஞ் செய்துகொண்டவள், அன்றே இறந்துபட்டாற்போல, முதற்கணவன் சொத்தில் தனக்குள்ள உரிமையை இழப்பாளென்பது அப்பிரிவு.

மறுமணத்தை அறியாத வகுப்பார்க்கு இது புதுச்சலுகையின் விலையாகலாம். தொன்றுதொட்டு அறுத்துக்கட்டும் வழக்கமுடையார்க்கோ? அவர்கள் சட்டத்தைக் கேட்டா மணந்தனர்? இச்சட்டம் அத்தகையாரைக் கட்டாதென 1889இல் அலகாபாத் உயர்நீதிமன்றம் கூறிற்று. சென்னை உயர்நீதிமன்றமோ 1877இலேயே, மறவர் குலத்து வழக்கொன்றில், குலவழக்கம் மறுமணத்திற்கு இடந்தரினும் சொத்து நில்லாதெனத் தீர்த்துவிட்டது. செங்கற்பட்டு ஜில்லாவினராகிய நாம் சென்னைத் தீர்ப்பிற்கு உட்பட்டோம். சேலையூரிலோ இரும்புலியூரிலோ கைம்பெண்ணொருத்தி மறுதாலி ஏற்பின், ஏரிப்பாய்ச்சல் நிலத்தைத் தாயாதிகள் கோரலாம். மனைவியை இழந்தவனோ எத்தனை முறை மணப்பினும் ஒரு குழி நிலமும் இழந்திலன். மனைவி உயிரோடிருக்க மற்றொருத்தியை மணப்பதையே சென்னை மாகாணம் 1949இல்தான் தடுத்தது!

1937ஆம் ஆண்டுச் சட்டம் கைம்பெண்ணுக்கு மகனையொத்த பங்கு தந்தது. ஆயினும் ஆயுட்கால அநுபோகமே. 1956இன் வாரிசுரிமைச் சட்டம் முழுவுரிமை நல்கிற்று. 1856ஆம் ஆண்டுச் சட்டம் 1983இல் நீக்கப்பட்டது.

வயல்கள் மனைகளாகி விலையேறிய இந்நாளில், மறுமணஞ் செய்தவளிடம் "உனக்கேது பங்கு?" என்று விடுதலைப் பத்திரத்தை நீட்டும் தாயாதியர் நம்முள்ளும் உளர். கணவன் இறந்தபொழுதே அவளைச் சார்ந்த பங்கு பின்னர் மறுமணத்தால் நீங்காதென உச்சநீதிமன்றம் 2008இல் தீர்த்துளது. கையொப்பமிடுமுன் அப்பெண் அதனை அறிந்திருத்தல் வேண்டும்.