ஒடியல் வந்த வழி

ஆடி, ஆவணியில் யாழ்ப்பாணத்துப் பனங்காணிகளில் பழம் விழத் தொடங்கும். பெண்பனை மட்டுமே காய்க்கும். வடலி வளர்ந்து காய்க்கப் பதினைந்து ஆண்டுகளாவது பிடிக்கும். பழத்தின் களியைப் பிசைந்து பனாட்டுப் போட்டபின் மிஞ்சும் கொட்டைகளை மணற்பாங்கான நிலத்தில் பாத்தி கட்டி அடுக்குவார்கள். மாரி மழையில் முளை கீழ்நோக்கி இறங்கிக் கிழங்காகும். தை மாதத்தை அண்டிப் பாத்தியைக் கிண்டுவார்கள்.

அவித்துக் காயவைத்தால் அது புழுக்கொடியல். பச்சையாகவே தோலுரித்து, இரண்டாகக் கிழித்து வெயிலில் போட்டால் ஒடியல். பச்சைக் கிழங்கு சில நாளில் பூஞ்சணம் பிடிக்கும். ஒடியல் மாதக்கணக்கில் கிடக்கும். வற்றாத ஆறில்லாத குடாநாட்டில் நெல் பொய்த்த காலத்துக்கு இதுவே கையிருப்பு. அந்த உலர்ந்த தன்மைதான் பின்னர் அதைக் கடல் கடக்கவும் வைத்தது.

1983 இனக்கலவரத்துக்குப் பின் ஊரைவிட்டுப் போனவர்களில் பலர் சுவிற்சர்லாந்தில் குடியேறினார்கள். அப்படிக் குடியேறிய இடங்களில் ஒன்றான லுட்சேர்ன் மாநிலத்து எம்மன்புரூக்கே, 1906இல் வந்த விஸ்கோஸ் ஆலையாலும் உருக்காலையாலும் வளர்ந்த தொழிலாளர் ஊர். ஊருக்குப் போய் வருபவர்களின் பெட்டியிலும் தமிழ்க் கடைப் பொதியிலும் ஒடியல் மா இத்தகைய ஊர்களை வந்தடைகிறது.

கூழ் காய்ச்ச முதலில் மாவை ஊறவைத்து, தெளிந்த நீரை வடித்து வடித்துக் கயர்ப்பைப் போக்க வேண்டும். மீன் தலை, நண்டு, றால், பயற்றங்காய், மரவள்ளி, பலாக்கொட்டை எல்லாம் அவிந்தபின் செத்தல் மிளகாயும் பழப்புளியும் சேரும். கடைசியில் கரைத்த மா. சுவிற்சர்லாந்தில் நண்டு குளிர்பெட்டியிலிருந்து வரும், பனையோலைப் பிளாவுக்குப் பதில் கோப்பை இருக்கும். ஒடியல் மாவுக்கு மட்டும் மாற்றில்லை. அதுதான் கூழைத் தடிப்பாக்குவது.

பயிரையே கூடக் கொண்டுபோன குடியேற்றங்களும் உண்டு. பொலினீசியர் ஹவாய்க்குத் தோணியேறியபோது சேப்பங்கிழங்கின் நடுதண்டையும் கொண்டு போனார்கள். அங்கே அதற்குப் பெயர் கலோ. தண்ணீர் கட்டிய வயலில் வளரும் அதை ஹவாய் மக்கள் தங்கள் குலத்தின் மூத்த அண்ணனாகக் கொள்கிறார்கள். பயிரும் மக்களும் சேர்ந்தே குடியேறினார்கள். பனைக்கு அந்தக் கொடுப்பினை இல்லை. அல்ப்ஸ் அடிவாரத்து உறைபனியில் கொட்டை முளைக்காது.

ஊரிலோ, போர்க்காலத்தில் பதுங்குகுழிக்கும் காவலரணுக்கும் எத்தனையோ பனைகள் தறிக்கப்பட்டன. 1978இல் அமைந்த பனை அபிவிருத்திச் சபை இருந்தும், பாத்தி போட ஆள் கிடைப்பது எளிதல்ல. எம்மன்புரூக்கேயில் பிறந்த பிள்ளை கூழ் காய்ச்சப் பழகலாம். ஆனால் அந்தப் பானைக்கு வேண்டிய மா, ஊரில் எவரோ ஒருவர் அடுத்த ஆவணியிலும் கொட்டை பொறுக்கினால்தான் வரும். புலம்பெயர்ந்தவர்கள் காக்க வேண்டியது சமையற்குறிப்பை மட்டுமல்ல, அந்த உழைப்புக்குக் கட்டுபடியாகும் விலையையும்தான்.